கடாரத்துக்கு எப்படிப் போவது: வழிகாட்டியோடா, மெய்நிகர் கண்ணாடியோடா, இரண்டோடுமா?

பள்ளி விடுமுறை நெருங்கினால் மலேசியாவின் பினாங்குத் தீவிலும் செபராங் பிறையிலும் பெற்றோர் ஆசிரியர் சங்கக் கூட்டங்களில் ஒரு கேள்வி எழுந்துவிடுகிறது. பழைய கடாரத்தின் கோயில் இடிபாடுகள் உள்ள, கெடா மாநிலத்துப் பூஜாங் பள்ளத்தாக்குக்குப் பிள்ளைகளை அழைத்துப் போகலாமா, அல்லது அதே பணத்தில் தலையில் மாட்டிப் பார்க்கும் மெய்நிகர் (விஆர்) கண்ணாடிகளைப் பள்ளி மண்டபத்துக்கு வரவழைத்துப் பழைய நகரங்களைக் காட்டிவிடலாமா? இப்போது மூன்றாவது வழியையும் பலர் கேட்கிறார்கள். இடிபாட்டுக்கே போய், வழிகாட்டி விளக்கும்போது அங்கேயே கண்ணாடியை மாட்டிக்கொண்டு, கோயில் முழுமையாக இருந்த கோலத்தைப் பார்ப்பது சரிவருமா என்கிறார்கள். வயதான பெற்றோரை அழைத்துப் போக நினைக்கும் குடும்பங்களுக்கும் இதே குழப்பம்தான்.

என் முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கையில் உள்ள பணம் ஒன்றுக்குத்தான் போதும் என்றால் நல்ல வழிகாட்டிக்குக் கொடுங்கள். மெய்நிகர் கண்ணாடியால் பயன் உண்டு, சில இடங்களில் பெரும் பயன் உண்டு. ஆனால் கடாரத்தில் நமக்கு மிஞ்சியிருப்பவை அடித்தளங்கள். அவற்றின் மேல் என்ன இருந்தது என்பதில் பெரும்பகுதி ஊகம். எது சான்று, எது ஊகம் என்று பிரித்துச் சொல்ல ஆள் வேண்டும். படம் தானாக அதைச் சொல்லாது.

## எதை வைத்து எடை போடுவது?

இடத்தில் என்ன மிஞ்சியிருக்கிறது என்பதை முதலில் பாருங்கள். தஞ்சைப் பெரிய கோயிலுக்குப் போகிறவருக்குக் கண்ணாடி தேவையில்லை, கோயிலே நிற்கிறது. அங்கோர் வாட்டிலும் கற்கோபுரங்கள் நிற்கின்றன. அங்கே மறைந்து போனது அவற்றைச் சுற்றியிருந்த மரவீடுகளும் மக்களும். பூஜாங்கில் கோயிலின் மேற்பகுதியே இல்லை. முட்டளவு, இடுப்பளவு மேடைகளைப் பார்த்துவிட்டு, ‘இதற்காகவா இவ்வளவு தூரம் வந்தோம்?’ என்று முகம் சுளிக்கும் பிள்ளைகள் உண்டு. கற்பனைக்குத் துணை தேவைப்படும் இடம்தான் அது.

அந்தத் துணை எந்தச் சான்றின் மேல் நிற்கிறது என்பது அடுத்த அளவுகோல். என் கணக்கில் இதற்குத்தான் எடை அதிகம். அதற்குப் பிறகு வருபவை: பார்க்கப் போகிறவரின் வயதும் உடல்நிலையும், கேள்வி கேட்டால் பதில் கிடைக்குமா, அதுவும் தமிழில் கிடைக்குமா என்பது, கடைசியாக, ரசீதில் வராத செலவும் சேர்ந்த மொத்தச் செலவு.

## முதல் வழி: வழிகாட்டியோடு நடந்து பார்ப்பது

பட்டர்வொர்த்திலிருந்து வடக்கு தெற்கு நெடுஞ்சாலையில் சுங்கைப்பட்டாணி, அங்கிருந்து மெர்போக். நெரிசல் இல்லாத காலைப்பொழுதில் தீவிலிருந்து புறப்பட்டாலும் ஒன்றரை மணி நேரத்துக்குள் பூஜாங் பள்ளத்தாக்குத் தொல்பொருள் அருங்காட்சியகத்தில் இறங்கிவிடலாம். 1,217 மீட்டர் உயரமுள்ள ஜெராய் மலையின் அடிவாரத்தில் அது இருக்கிறது. அதன் வளாகத்தில் நான்கு சண்டிகளைப் பார்க்கலாம். இந்த நாட்டில் பழைய கோயில் இடிபாடுகளைச் சண்டி என்றே சொல்கிறோம். அவற்றுள் புக்கிட் பத்து பகாட் மட்டுமே தான் கட்டப்பட்ட இடத்திலேயே நிற்கிறது. பெங்காலான் பூஜாங், பெண்டாங் டாலாம், பெண்டியாட் ஆகிய மூன்றும் வேறு இடங்களிலிருந்து பெயர்த்துக் கொண்டுவந்து மீண்டும் அடுக்கப்பட்டவை. இதை யாராவது சொல்லாவிட்டால் நான்கும் ஒரே கோயில் வளாகம் என்று எண்ணிக்கொண்டுதான் பிள்ளைகள் வீடு திரும்புவார்கள்.

புக்கிட் பத்து பகாட்டில் நிதானமாக நிற்க வேண்டும். கருங்கல் அடுக்கி எழுப்பிய மேடை அது. உயர்ந்த பகுதி கருவறை இருந்த இடம், அதற்கு முன்னால் தாழ்ந்து நீள்வது மண்டபம். மண்டபத் தளத்தில் தூண்களைத் தாங்கிய கற்பீடங்கள் வரிசையாக இருக்கின்றன. தூண்கள் இல்லை. நல்ல வழிகாட்டி பிள்ளைகளை இங்கே குந்தவைத்துவிட்டுக் கேட்பார்: “இதன் மேல் நின்ற தூண் எங்கே போயிற்று?” கல்தூணாக இருந்திருந்தால் உடைந்த துண்டாவது கிடைத்திருக்க வேண்டும் என்று ஒரு பிள்ளை சொல்லும். அப்படியானால் மரமா என்று இன்னொன்று கேட்கும். மரத்தூண் தாங்கிய கூரை எவ்வளவு கனமாக இருந்திருக்க முடியும் என்ற அடுத்த கேள்விக்கு அவர்களே வந்து சேர்வார்கள். தொல்லியல் அறிஞர் எண்ணும் முறை இதுதான். பத்து வயதுப் பிள்ளை கால்மணி நேரத்தில் தன் தலையால் அதைச் செய்துவிடுகிறது. எந்தக் கண்ணாடியும் இதைத் தராது, ஏனென்றால் கண்ணாடி விடையோடு தொடங்கிவிடுகிறது.

இந்தப் பகுதியை 1936, 1937ஆம் ஆண்டுகளில் ஆங்கிலேய ஆய்வாளர் குவாரிச் வேல்ஸ் தம் மனைவி டோரதியோடு அகழ்ந்தார். பின்னர் அலஸ்டெர் லாம்ப் புக்கிட் பத்து பகாட்டை ஆராய்ந்து சீரமைத்தார். அப்போது கிடைத்தவற்றில் சிறு குழிகள் குடைந்த கற்பேழைகள் உண்டு. கோயில் எழுப்பும்போது அடியில் வைக்கப்பட்டவை. கூட்டத்தில் கோயில் திருப்பணி பார்த்த பெரியவர் ஒருவர் இருந்துவிட்டால் வழிகாட்டி பேசவே வேண்டியதில்லை. கர்ப்பநியாசம் என்ற அந்தச் சடங்கு என்ன, எதை எதை வைப்பார்கள், எதற்காக வைப்பார்கள் என்று தாத்தாவே பேரப்பிள்ளைகளுக்குச் சொல்லிவிடுவார். இப்படிப்பட்ட பேச்சுக்காகவே நான் கூட்டமாகப் போவதை விரும்புகிறேன்.

இன்னொரு கேள்வியும் நம் கூட்டத்தில் தவறாமல் வரும்: “இதை ராஜேந்திர சோழன்தானே கட்டினார்?” அதற்குச் சான்று இல்லை என்று தெளிவாகச் சொல்லக்கூடிய வழிகாட்டிதான் நல்ல வழிகாட்டி. 1025ஆம் ஆண்டுப் படையெடுப்பையும், கல்வெட்டுப் புகழுரையான மெய்க்கீர்த்தியில் கடாரத்தின் பெயர் வருவதையும் அவர் சொல்வார். அதோடு நிறுத்தாமல், அதற்கு ஏறக்குறைய இருபது ஆண்டுகள் முன்புதான் கடாரத்து அரசன் நாகப்பட்டினத்தில் சூளாமணி விகாரம் என்ற பௌத்த மடத்தை எழுப்பியதையும், ராஜராஜன் அதற்கு ஆனைமங்கலத்தைக் கொடுத்ததையும், அச்செய்தி லெய்டன் செப்பேடுகளில் இருப்பதையும் சொல்வார். பகையும் கொடையும் ஒரே தலைமுறையில் நடந்திருக்கின்றன. வென்ற கதையை மட்டும் கேட்டுவிட்டு வருவது பிள்ளைகளுக்குப் பாதி வரலாறு.

பிறகு சுங்கை பத்து. மலேசிய அறிவியல் பல்கலைக்கழகம் 2000களின் பிற்பகுதியிலிருந்து அகழ்ந்துவரும் இடம், நம் பினாங்கிலேயே உள்ள பல்கலைக்கழகம். இரும்பு உருக்கிய சான்றுகள், உலைக்குக் காற்று ஊதிய களிமண் குழாய்கள், செங்கல் கட்டுமானங்கள் எல்லாம் அங்கே உண்டு. அதன் காலத்தைப் பற்றி அறிஞர்களிடையே கருத்து வேறுபாடு இருக்கிறது. அதையும் மறைக்காமல் சொல்கிறவர் கிடைத்தால் விடாதீர்கள்.

இந்த வழியின் குறைகளையும் சொல்லியாக வேண்டும். வெயில், ஈரப்பதம், வழுக்கும் கல். செப்டம்பர், அக்டோபரில் வடமாநிலங்களில் மழை மிகுதி. ஜனவரி, பிப்ரவரி பெரும்பாலும் உலர்ந்திருக்கும். முழங்கால் வலி உள்ளவர்களுக்குப் படிகள் சிரமம். எல்லாவற்றையும்விடப் பெரிய குறை, வழிகாட்டியின் தரம் ஒரே மாதிரி இருப்பதில்லை. பெருமை பேசுவதே வரலாறு என்று எண்ணும் வழிகாட்டியிடம் பிள்ளைகளை ஒப்படைத்தால், கெட்ட காணொளியைக் காட்டியதைவிடக் கூடுதல் சேதம் நேரும். நேரில் நின்று ஒருவர் சொன்னதைப் பிள்ளைகள் லேசில் மறப்பதில்லை. சுற்றுலா அமைச்சின் உரிமம் பெற்ற வழிகாட்டியா என்று கேளுங்கள். உரிமம் வரலாற்றறிவுக்குச் சான்றாகாது என்றாலும் பொறுப்பேற்க ஒருவர் இருக்கிறார் என்று பொருள். தமிழில் விளக்கக்கூடியவர் வேண்டுமென்றால் விடுமுறைக்கு நெடுநாள் முன்பே பேசி வையுங்கள்.

மறைந்திருக்கும் செலவு பெரும்பாலும் பேருந்தில் இருக்கிறது. வாடகை பேசும்போது மெர்போக் வரை என்று மட்டும் பேசிவிட்டு, சுங்கை பத்துவையும் சேர்த்தால் நேரம் நீண்டு கூடுதல் கட்டணம் வந்து நிற்கும். இரண்டு இடங்களையும் காத்திருக்கும் நேரத்தையும் முதலிலேயே எழுதி வாங்குங்கள். தனியாகப் போகும் குடும்பங்கள் பட்டர்வொர்த்திலிருந்து கேடிஎம் ரயிலில் சுங்கைப்பட்டாணி வரை மலிவாகப் போய்விடலாம். ஆனால் அங்கிருந்து மெர்போக்குக்கு வாடகை வண்டி வேண்டும். திரும்பும் வண்டியையும் அதே ஓட்டுநரிடம் பேசிவிடுவதுதான் நிம்மதி.

## இரண்டாவது வழி: பள்ளி மண்டபத்தில் மெய்நிகர் கண்ணாடி

கீசா பிரமிடு, ரோம், அங்கோர் என்று பிள்ளைகளால் எளிதில் போகமுடியாத இடங்களைக் கண்முன் கொண்டுவருவதே இதன் பலம். மழை இல்லை, படி இல்லை, பேருந்து இல்லை. சக்கர நாற்காலியில் வரும் மாணவனும் மற்றவர்களோடு சமமாகப் பார்க்கிறான். சிறுநீரகச் சுத்திகரிப்புக்காக வாரம் மூன்று நாள் மருத்துவமனைக்குப் போகும் தாத்தாவும் பார்க்கலாம். இதைச் சிறிய நன்மை என்று நான் ஒருபோதும் சொல்லமாட்டேன். சிலருக்கு இது ஒன்றுதான் வழி.

மியன்மாரின் பாகானில் 2016ஆம் ஆண்டு நிலநடுக்கம் பல கோயில்களைச் சேதப்படுத்தியது. சையார்க் என்ற அமைப்பு அதற்கு முன்பே சில கோயில்களை லேசர் கருவியால் அளந்து பதிவு செய்திருந்ததால், அவற்றின் முப்பரிமாண உருவம் பிழைத்துக்கொண்டது. இதைக் கேட்கும்போதெல்லாம் எனக்குச் சுங்கை பத்து தோட்டத்தின் 11ஆம் எண் சண்டிதான் நினைவுக்கு வரும். நிலத்தை மேம்படுத்தும் பணியில் அது இடித்துத் தள்ளப்பட்டது; 2013ஆம் ஆண்டின் இறுதியில்தான் செய்தி வெளியே வந்து நாடே கொதித்தது. கல்லையும் செங்கல்லையும் காப்பாற்றத் தவறிய இடத்தில் துல்லியமான அளவுப் பதிவாவது இருக்க வேண்டும். எஞ்சியிருக்கும் ஒவ்வொரு சண்டிக்கும் அப்படி ஒரு பதிவு தேவை. அந்தக் காரணத்துக்காக இந்தத் தொழில்நுட்பத்தை நான் மனமார வரவேற்கிறேன்.

ஆனால் பள்ளி மண்டபத்தில் உண்மையில் என்ன நடக்கும் என்று கணக்குப் போட்டுப் பாருங்கள். 40 மாணவர்கள், 10 கண்ணாடிகள், 12 நிமிடக் காட்சி. மாட்டி, பட்டையை இறுக்கி, படம் தெளிவாகத் தெரியும்படி சரிசெய்ய 5 நிமிடம். முடிந்ததும் முகம்படும் பகுதியைத் துடைக்க 3 நிமிடம். ஒரு சுற்றுக்கு 20 நிமிடம், நான்கு சுற்றுக்கு 80 நிமிடம். எந்த நேரத்திலும் 30 பிள்ளைகள் சும்மா இருக்கிறார்கள். ஒவ்வொரு பிள்ளையும் பார்ப்பது வெறும் 12 நிமிடம். இந்த வகைக் கண்ணாடிகளின் மின்கலம் ஏறக்குறைய இரண்டு மணி நேரம்தான் தாங்கும் என்பதால் அடுத்த வகுப்புக்கு இடைவெளி விட்டாக வேண்டும்.

வயது இன்னொரு தடை. மெட்டா நிறுவனம் தன் குவெஸ்ட் கண்ணாடிகளுக்குக் குறைந்த வயதாகப் பத்தைக் குறிக்கிறது, அதுவும் பெற்றோர் மேற்பார்வையோடு. நம் தமிழ்ப்பள்ளிகளில் முதல் மூன்று ஆண்டு மாணவர்கள் அந்த வயதை எட்டாதவர்கள். பள்ளி முழுவதற்குமான நிகழ்ச்சி என்று விலை பேசிவிட்டுப் பாதிப் பள்ளியை வெளியே நிறுத்துவது நியாயமில்லை. சிறுவர்களின் கண்களுக்கு இடையிலான தூரமும் குறைவு. குவெஸ்ட் 2 கண்ணாடியில் வில்லைகளை 58, 63, 68 மில்லிமீட்டர் என்ற மூன்று நிலைகளில்தான் வைக்கமுடியும். முகம் சிறுத்த பிள்ளைக்குப் படம் மங்கலாகவே தெரியும், பட்டை வழுக்கிக் கண்ணாடி மூக்கின் மேல் இறங்கும், பிள்ளை ஒரு கையால் அதைத் தாங்கிப் பிடித்துக்கொண்டே பார்க்கும். மின்விசிறி மட்டும் சுழலும் மண்டபத்தில் வியர்வையால் வில்லையில் ஆவியும் படியும். மூக்குக்கண்ணாடி அணிந்த பிள்ளைக்கு இரட்டைச் சிரமம்.

தலைசுற்றலையும் குமட்டலையும் மறந்துவிடாதீர்கள். கண் ‘நகர்கிறேன்’ என்கிறது. உட்செவியில் உள்ள சமநிலை உறுப்பு ‘அசையவில்லை’ என்கிறது. அந்த முரண்தான் வயிற்றைப் புரட்டுகிறது. காட்சியே ஆளைத் தூக்கிக்கொண்டு பறப்பது போல் எடுக்கப்பட்டிருந்தால் இது கூடும். நின்ற இடத்திலிருந்து சுற்றிப் பார்க்கும் காட்சியில் குறையும். ஏற்பாட்டாளரிடம் இதைத்தான் முதலில் கேட்க வேண்டும். அடுத்து, அது வெறும் 360 பாகைக் காணொளியா, அல்லது நாம் அடியெடுத்து வைத்தால் காட்சியும் நகருமா என்று கேளுங்கள். முதல் வகையில் தலையைத் திருப்பலாம், ஒரு தூணைச் சுற்றிப் போய் அதன் பின்புறத்தைப் பார்க்கமுடியாது. விலையில் இந்த வேறுபாடு தெரிய வேண்டும்.

கடாரத்தைக் காட்டும் காட்சி அவர்களிடம் இருக்கிறதா என்றும் கேளுங்கள். ரோமைப் பார்ப்பதும் நல்லதுதான். ஆனால் ‘நம் வரலாறு’ என்று சுற்றறிக்கையில் போட்டுவிட்டு மண்டபத்தில் பிரமிடைக் காட்டினால் அது பெற்றோரை ஏமாற்றுவதாகும்.

உயர்நிலைப்பள்ளி ஆசிரியர்களுக்கு ஒரு தகவல். ஆஸ்திரேலியாவின் மோனாஷ் பல்கலைக்கழகம் முன்னின்று உருவாக்கிய ‘விர்ச்சுவல் அங்கோர்’ இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. கோயிலை மட்டும் காட்டாமல் அதைச் சுற்றி வாழ்ந்த மக்களையும் காட்டுகிறது. வகுப்பறைத் திரையிலேயே ஓட்டலாம், கண்ணாடி வாடகை எடுக்க வேண்டியதில்லை.

## மூன்றாவது வழி: இடிபாட்டிலேயே கண்ணாடி

கேட்பதற்கு இதுதான் எல்லாவற்றிலும் சிறந்ததாகத் தோன்றும். கல்லும் உண்டு, ஆளும் உண்டு, காட்சியும் உண்டு. இது நன்றாக அமைந்த இடங்களைப் பார்த்தால் ஏன் அமைந்தது என்பது புரிகிறது.

ரோமில் நீரோவின் பொன்மாளிகை மண்ணுக்கடியில் இருக்கிறது. 2017 முதல் அங்கே வழிகாட்டியோடு செல்லும் சுற்றின் ஒரு கட்டத்தில் பார்வையாளர்களை உட்காரவைத்துக் கண்ணாடியை மாட்டுகிறார்கள். இன்று இருளும் ஈரமுமாக இருக்கும் அறை, அன்று வெளிச்சம் பாய்ந்து தோட்டத்தைப் பார்த்திருந்த நிலை தெரிகிறது. கூரை இன்றும் தலைக்கு மேல் இருக்கிறது, சுவர் இருக்கிறது, ஓவியத்தின் எச்சம் இருக்கிறது. காட்சி சேர்ப்பது பெரும்பாலும் நிறத்தையும் ஒளியையும். பார்ப்பவர் இருளில், நிழலில், உட்கார்ந்திருக்கிறார்.

இந்த நிலைமைகளை மெர்போக்கோடு ஒப்பிடுங்கள். பூஜாங்கில் இருப்பது திறந்தவெளி. மெய்நிகர் கண்ணாடியின் வில்லை வழியாக நேர்வெயில் உள்ளே விழுந்தால் சற்று நேரத்திலேயே திரையில் அழியாத கறை ஏற்பட்டுவிடும். தயாரிப்பாளர்களே எச்சரிக்கும் விஷயம் இது. கண்ணாடியைக் கழற்றி மடியில் கவிழ்க்காமல் வைத்த ஒரு பிள்ளையால் இழப்பீடு கட்ட நேரலாம். ஒப்பந்தத்தில் அந்தப் பொறுப்பு யாருடையது என்று படித்துப் பார்க்காமல் கையெழுத்திடாதீர்கள். இந்த வழியின் பெரிய மறைசெலவு இதுதான். அடுத்தது படிகளும் கல்விளிம்புகளும். கண்ணை மூடிய பிள்ளைக்குப் பக்கத்தில் ஒரு பெரியவர் நின்றாக வேண்டும். பத்துப் பிள்ளைக்குப் பத்து உதவியாளர் எங்கே கிடைப்பார்கள்?

தொல்லியல் சிக்கல் இதைவிடப் பெரிது. அந்தக் கூரை விஷயம். மேடையும் தூண்பீடங்களும் உண்மை. மரத்தூண்களும் இலேசான கூரையும் என்பது நியாயமான ஊகம். கூரையின் வடிவம், உயரம், மூலையில் இருந்த வேலைப்பாடு, சுவரின் நிறம் ஆகிய எதற்கும் சான்று இல்லை. ஆனால் படம் வரைபவர் ஏதாவது ஒரு கூரையைப் போட்டே ஆக வேண்டும். பாதிக் கூரையோடு கோயிலைக் காட்ட யாரும் துணிவதில்லை. இங்கே நம்மவர்களுக்கு ஒரு தனி ஆசை இருக்கிறது. கடாரம் என்றதும் தஞ்சையின் சாயலில் ஓங்கிய விமானம் ஒன்றை எதிர்பார்க்கிறோம். கல் விமானம் ஒன்று மேடைமேல் எழும்பினால் கூட்டம் முழுவதும் கைதட்டும். அதைப் பார்த்த பிள்ளை ஆயுள் முழுதும் அதையே கடாரம் என்று நம்பும். அந்தத் தூண்பீடங்களின் முன்னால் குந்தியிருந்து தானே கண்டுபிடித்த மரக்கூரை, கண்ணாடி காட்டிய கல்கோபுரத்திடம் தோற்றுப் போகும். நம் முன்னோரின் கடல்கடந்த தொடர்புகளுக்கு உண்மையான சான்றுகளே இவ்வளவு இருக்கும்போது, இல்லாத கோபுரத்தால் நமக்கு என்ன பெருமை வந்துவிடப் போகிறது?

அறிவு மாறிக்கொண்டிருக்கும் துறையும் இது. 2023இல் கெடாவின் யான் வட்டாரத்தின் புக்கிட் சோராசில் சுதைப் புத்தர் சிலைகள் வெளிப்பட்டன. நல்ல வழிகாட்டி செய்தியைப் படித்துவிட்டு மறுநாள் காலையிலேயே தன் விளக்கத்தைத் திருத்திக்கொள்ள முடியும். பணம் கொட்டித் தயாரித்த காட்சியைத் திருத்த மறுபடியும் பணம் வேண்டும். பெரும்பாலும் அது பழையபடியே ஓடிக்கொண்டிருக்கும்.

ஆனாலும் மெய்நிகர் காட்சியால் மட்டுமே தரமுடிந்த இரண்டு விஷயங்கள் கடாரத்தில் உண்டு. அவற்றை யாராவது நேர்மையாகச் செய்து கொடுத்தால் நான் காசு கொடுத்துப் பார்ப்பேன். ஒன்று கடல். மெய்க்கீர்த்தி கடாரத்தைக் கடல் காவல் கொண்ட ஊர் என்கிறது. மெர்போக்கில் நிற்கும் பிள்ளைக்குக் கடல் தெரிவதில்லை. சாலையும் வயலும் மரங்களும்தான் தெரிகின்றன. அக்காலத்தில் கரை இன்றைக்கிருப்பதைவிட உள்ளே இருந்தது என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். வங்கக்கடலைக் கடந்து வந்த கப்பலின் தளத்தில் நின்று, ஜெராய் மலை முதலில் கண்ணில் படுவதையும், கப்பல் ஆற்றுமுகத்துக்குள் திரும்புவதையும் பார்க்கவைத்தால், இந்த ஊர் ஏன் இங்கே எழுந்தது என்பது ஒரே பார்வையில் விளங்கிவிடும். மற்றொன்று, பெயர்த்துக் கொண்டுவரப்பட்ட மூன்று சண்டிகள். அவற்றை அவை இருந்த இடங்களுக்கே காட்சியில் திருப்பி வைத்து, எது ஆற்றங்கரையில், எது வயல்வெளியில் என்று காட்டினால், வழிகாட்டி எவ்வளவு பேசினாலும் முடியாததைப் படம் முடித்துவிடும். இரண்டுக்குமே கூரையைக் கற்பனை செய்ய வேண்டியதில்லை.

## இடையில் ஒரு வழி

டேப்லெட்டையோ கைப்பேசியையோ உயர்த்திப் பிடித்தால் இடிபாட்டின் மேல் மீட்டுருவாக்கப் படம் பொருந்தித் தெரியும் முறையும் இருக்கிறது. கிரேக்க அரசு ஏதென்சின் அக்ரோபோலிசுக்கு 2023இல் இப்படி ஒரு செயலியை வெளியிட்டது. கடாரம் போன்ற திறந்தவெளிக்குத் தலைக்கண்ணாடியைவிட இது எவ்வளவோ மேல். பிள்ளை கையை இறக்கினால் உண்மைக் கல் தெரிகிறது, உயர்த்தினால் ஊகம் தெரிகிறது. இரண்டையும் மாற்றி மாற்றிப் பார்க்கும்போது வேறுபாடும் புரிகிறது. நான்கு பேர் ஒரே திரையைப் பார்த்துக்கொண்டு பேசலாம், வாதாடலாம். அவ்வளவு வசதி இல்லையென்றால் மீட்டுருவாக்க ஓவியம் ஒன்றை ஏ3 தாளில் அச்சிட்டு, உறையிட்டு எடுத்துப் போங்கள். இதுவே போதும் என்பது என் எண்ணம்.

## யாருக்கு எது?

முதல் மூன்று ஆண்டு மாணவர்களுக்குக் கண்ணாடியை நினைக்கவே வேண்டாம். வழிகாட்டி, ஓவியம், ஓடைக்கரையில் கட்டுச்சோறு.

நான்கு முதல் ஆறாம் ஆண்டு வரை உள்ளவர்களுக்கும் முதல் வழிதான். பணம் மிஞ்சினால் பயணத்துக்கு ஒரு வாரம் கழித்துப் பள்ளி மண்டபத்தில் அங்கோர் காட்சி போடுங்கள். வரிசை முக்கியம். முதலில் அங்கோரைப் பார்த்துவிட்டுப் பூஜாங்குக்குப் போகிற பிள்ளைக்கு மேடைகள் ஏமாற்றமாக இருக்கும். முதலில் மேடையைப் படித்துவிட்ட பிள்ளை அங்கோரைப் பார்க்கும்போது, ‘இதில் எது உண்மை, எது வரைந்தது?’ என்று கேட்கும்.

உயர்நிலைப்பள்ளியின் படிவம் நான்கு, ஐந்து மாணவர்களுக்கு மூன்று வழிகளையும் சேர்க்கலாம். மீட்டுருவாக்கத்தைக் காட்டி, அதில் சான்று உள்ள பகுதியையும் ஊகமான பகுதியையும் இரண்டு நிறங்களில் பிரித்து வரையச் சொல்லுங்கள். வரலாற்றுப் பாடத்தில் இதைவிட நல்ல பயிற்சி எனக்குத் தெரியாது.

நடக்க இயலாத பெற்றோர் இருந்தால் கண்ணாடியை வீட்டுக்கு வாடகைக்கு எடுப்பதைப் பற்றித் தாராளமாக யோசியுங்கள். நாற்காலியில் உட்காரவைத்து, நகராத காட்சியாகத் தேர்ந்தெடுத்து, ஐந்து நிமிடத்துக்கு ஒருமுறை கழற்றிவிடுங்கள். தலைசுற்றல் நோயோ வலிப்போ உள்ளவர்கள் மருத்துவரைக் கேட்காமல் அணியக்கூடாது. சற்றே நடக்க முடிந்தவர் என்றால், அருங்காட்சியகத்தின் உள்ளே உள்ள பொருள்களை மட்டும் நிதானமாகப் பார்த்துவிட்டு வருவதும் நிறைவான பயணமே.

தீவுக்கு விருந்தினராக வந்து ஒரே ஒரு நாள் கையில் வைத்திருக்கும் உறவினர்களுக்கும் என் பதில் மெர்போக்தான்.

## முன்பணம் கொடுப்பதற்கு முன்

கண்ணாடி ஏற்பாட்டாளர் யாராக இருந்தாலும், கடாரக் காட்சி இருக்கிறது என்று சொன்னால் இதைக் கேளுங்கள்: “கூரையை எந்தச் சான்றின்படி போட்டீர்கள்? எந்தத் தொல்லியல் அறிஞர் சரிபார்த்தார்?” பதில் தயங்காமல் வந்தால் மேலே பேசலாம். ‘அழகாக இருக்கட்டும் என்று போட்டோம்’ என்பதுபோல் வந்தால் நன்றி சொல்லிவிட்டு எழுந்துவிடுங்கள். விளக்கவுரை எந்த மொழியில், அதை நிறுத்திவிட்டு நம் வழிகாட்டி தமிழில் பேச வழி உண்டா என்பதையும் சேர்த்துக் கேளுங்கள். வழிகாட்டியிடம் கேட்க வேண்டியதும் அதே கேள்விதான்: “இந்தக் கோயிலின் மேல் என்ன இருந்தது?” ‘உறுதியாகச் சொல்லமுடியாது, ஆனால் தூண்பீடங்களைப் பார்த்தால்...’ என்று தொடங்குகிறவரை உடனே அமர்த்திக்கொள்ளுங்கள்.

நாளைத் தேர்ந்தெடுக்கும்போது, கெடாவில் வார விடுமுறை வெள்ளியும் சனியும் என்பதை மறக்கவேண்டாம். வெள்ளிக்கிழமை நண்பகலில் அரசு அருங்காட்சியகங்களில் தொழுகை இடைவேளை உண்டு. பினாங்கிலிருந்து போகிறவர்களுக்கு ஞாயிறு வசதி: நமக்கு விடுமுறை, அங்கே வேலைநாள். காலை ஏழு மணிக்கே பாலத்தைக் கடந்துவிட்டால், வெயில் ஏறும் முன் புக்கிட் பத்து பகாட்டைப் பார்த்து முடித்து, உச்சிப்பொழுதை அருங்காட்சியகத்துக்குள் கழித்துவிட்டு, மழை வராவிட்டால் திரும்பும் வழியில் சுங்கை பத்துவிலும் இறங்கலாம்.